மகாலில் நின்றது யார்

கிருபாபுரம்,
1912 ஏப்ரல் 24

கர்த்தருக்குள் பிரியமான மகள் சாலோமிக்குத் தகப்பன் நேசையா ஆசீர்வாதம் சொல்லி எழுதுவிப்பது. நான் சொல்லச் சொல்ல, உபதேசியார் தானியேலின் சம்சாரம் சாரம்மாள் எழுதுகிறாள். மதுரையிலிருந்து ரயிலும் மாட்டுவண்டியுமாக ஊர் வந்து சேர்ந்தேன். முழங்காலில் கொஞ்சம் வீக்கம். மற்றப்படி சுகம். நீயும் மருமகனும் பேத்தி பியூலாவும் சுகமாயிருக்க வேண்டிக்கொள்கிறேன்.

ராஜாக்கள் ஆண்ட பட்டணத்தை மருமகன் எனக்குக் கால்நடையாகச் சுற்றிக் காட்டினதை ஊரெல்லாம் சொல்லியாயிற்று. ரயிலடி ஹோட்டலில் இறங்குகிற வெள்ளைக்காரருக்கு ஊர் காட்டுவதுதான் அவர் உத்தியோகம் என்றால் இங்கே ஒருத்தனும் நம்பவில்லை. "நடக்கதுக்கு ஒரு சம்பளமா வே?" என்கிறான்கள்.

ஆனால் இரண்டு காரியம் மனதில் கிடக்கிறது. முதலாவது, கோபுர வாசல். உள்ளே காட்ட வேறு ஆள் என்று மருமகன் வாசலோடு நின்றுவிட்டார். அன்று மருமகன் ஊர் காட்டின, கப்பல் ஏறி வந்த துரையும் துரைசாணியும் உள்ளே போனார்கள். அடுத்த ஜில்லாவில் பிறந்த நான் அவர்கள் குடையையும் சோடாப் பெட்டியையும் பிடித்துக்கொண்டு வெயிலில் நின்றேன். அந்தக் கோயில் நமக்கு வேண்டியதில்லைதான். ஆனாலும் வேண்டாம் என்று நாம் நிற்பது வேறு, வராதே என்று ஒருத்தன் நிறுத்துவது வேறு.

இரண்டாவது, மகால். தையல்காரர் மெஷின் மிதிக்கிற புது மண்டபத்தையும், கட்டாமல் விட்ட ராய கோபுரத்தையும் பார்த்துவிட்டு அங்கே போனோம். தூண் ஒவ்வொன்றையும் நாலு பேர் கைகோத்தாலும் பிடிக்க முடியாது. ராஜா இருந்த இடத்தில் இப்போது ஜட்ஜி இருக்கிறார். அன்று கோர்ட்டுக் கச்சேரி விடுமுறை. கூடத்தின் நடுவில் துரைசாணி என்னைக் காட்டி மருமகனிடம் ஏதோ கேட்டாள். அவர் கொஞ்சம் முழித்தார். பிறகு மடை திறந்த மாதிரி இங்கிலீஷ் ஓடிற்று. அந்தச் சத்தம் இன்னும் என் காதில் அப்படியே இருக்கிறது, அர்த்தம்தான் இல்லை. கேட்டதும் துரை தொப்பியைக் கழற்றினார். துரைசாணி தலை குனிந்தாள்.

வெள்ளைக்காரர் தொப்பி கழற்றித் தலை குனிந்தால் அது ஜெபவேளை. இது நம் சபையில் தவழ்கிற பிள்ளைக்கும் தெரியும். 'சபை மூப்பர்' என்று மருமகன் சொல்லியிருக்கிறார், நம்மை ஜெபம்பண்ணக் கேட்கிறார்கள் என்று விளங்கிக்கொண்டேன். இரண்டு கையையும் தூக்கி, கண்ணை மூடி, அவர்கள் ஏறிப்போகும் கப்பலுக்காகவும், ஊரில் விட்டுவந்த பிள்ளைகளுக்காகவும் நன்றாக உரத்து ஜெபித்தேன். கண்ணைத் திறந்தால் துரை ஒரு கறுப்புப் பெட்டியை என் முகத்துக்கு நேரே பிடித்திருக்கிறார். துரைசாணி கைக்குட்டையால் கண்ணைத் துடைக்கிறாள்.

"என்ன மருமகனே சொன்னீங்க?" என்று கேட்டேன். "பைய நடங்க மாமா, வெயிலாகுது" என்றார். அதைக் கேட்டு எழுது.

அன்புள்ள அப்பா,
நேசையா.


மதுரை,
1912 மே 19

அன்புள்ள அப்பாவுக்கு, மகள் சாலோமி வந்தனத்துடன் எழுதிக்கொள்வது. தேவகிருபையால் யாவரும் சுகம். உங்கள் முழங்காலுக்கு வாதமடக்கி இலையை வதக்கிக் கட்டவும். பியூலா உங்களைத் தேடுகிறாள். எனக்குக் கார்த்திகையில் பேறுகாலம் என்று மருத்துவச்சி சொல்கிறாள். அவருக்கு வேலை நன்றாக நடக்கிறது. முன்னைவிட அதிகம் பேர் அவரையே கேட்டு வருகிறார்களாம்.

மகாலைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். அங்கே இப்போது வெள்ளையடிக்கிறார்கள்.

உபதேசியாருக்கும் சாரம்மாள் அக்காளுக்கும் என் வந்தனம்.

சாலோமி.


கிருபாபுரம்,
1912 ஜூன் 8

மகள் சாலோமிக்கு ஆசீர்வாதம். பேறுகாலச் செய்தி கேட்டு சபையில் ஸ்தோத்திரம் செலுத்தினோம். இலை கட்டினேன், வீக்கம் வடிந்தது.

மகாலில் வெள்ளையடிப்பதை நான் கேட்கவில்லை. மருமகன் என்ன சொன்னார் என்று கேட்டேன். அதற்குப் பதில் எழுது.

நேசையா.


கிருபாபுரம்,
1912 ஆகஸ்ட் 27

மகள் சாலோமிக்கு. சுகம் விசாரிக்கிற மனநிலையில் நான் இல்லை. ஆனாலும் நீ பிள்ளைத்தாய்ச்சி, சுகமாயிருக்க வேண்டும்.

பாளையங்கோட்டை மிஷன் வெள்ளைக்கார மிஸ்ஸியம்மாளுக்குக் கோடைக்கானலிலிருந்து ஒரு சிநேகிதி படம் போட்ட தபால் கார்டு அனுப்பியிருக்கிறாள். படத்தில் இரண்டு கையையும் தூக்கிக் கண்ணை மூடி நிற்பவன் உன் தகப்பன். கீழே இங்கிலீஷில் அச்சடித்திருப்பது: 'மதுரை ராஜாக்களின் கடைசித் தலைவெட்டி, தன் கையால் செத்தவர்களின் ஆவிகளை அழைக்கிறான்.'

மிஸ்ஸியம்மாள் அதை நம் சபைக் குருவான ஐயருக்கு அனுப்ப, ஐயர் வண்டி கட்டிக்கொண்டு வந்து கோயில் வராந்தாவில் சபையாரைக் கூட்டிவிட்டார். அவர் நல்ல குருவானவர். "கார்டு அடிச்சவன் இட்டுக்கட்டியிருப்பான், உம்ம மருமகன் இப்படிச் சொல்லியிருக்க மாட்டாரு" என்றார். எனக்கு உயிர் வந்தது. அதை ருசுப்படுத்தத்தான் நான் வாயைத் திறந்தேன். "ஐயரே, அன்னைக்கு மருமகன் சொன்ன சத்தம் எல்லாம் எனக்கு மனப்பாடம். சொல்லுதேன், நீங்களே கேளுங்க" என்று ஆரம்பித்தேன். 'தி லாஸ்ட் ஹெட்ஸ்மன் ஆப் தி கிங்ஸ், சார்' என்றதற்குள் ஐயர் கையை உயர்த்தி நிறுத்திவிட்டார். மருமகனைக் காப்பாற்றப் போய் என் வாயாலேயே அவரைக் கட்டிக்கொடுத்தேன்.

அன்றிலிருந்து தெருவில் தலைகாட்ட முடியவில்லை. பொடிப்பயல்கள் "தலைவெட்டித் தாத்தா வாராரு, ஓடுங்கலே" என்கிறான்கள். பக்கத்துக் கொடிக்கால் சொரிமுத்து, வெற்றிலை கிள்ளிக்கொண்டே, "நேசையா அண்ணாச்சி, ஆவியெல்லாம் உம்ம சொல்லு கேக்குதாமே! எங்க சுடலைமாடனுக்குக் கொடை வருது. சாமியாட ஆளு குறையுது, வாரும் வே!" என்கிறான்.

அவன் சிரிக்கட்டும். நான் சிரிக்க முடியுமா? என் தகப்பன் வீட்டுப் பின்னால் இருந்த மாடன் பீடத்தைக் கடப்பாரையால் இடித்தபோது அந்தக் கல்லைச் சுமந்து ஆற்றில் போட்டவன் நான். அதற்காக ஊரார் வாய்க்காலை அடைத்தார்கள். கொடிக்கால் கருகிற்று. என் ஆத்தாள் தோள்சுமையாய்த் தாமிரபரணித் தண்ணீர் கொண்டுவந்து கொடிக்கு ஊற்றினாள். அவள் தோளில் காய்ப்புக் காய்த்த இடத்தை இன்றைக்கும் என் தோளில் தொட்டுக் காட்டமுடியும். அந்த வீட்டுப் பிள்ளை ஆவி கூப்பிடுகிறவனா? கப்பலில் போகிறவர்களுக்காக நான் பண்ணின ஜெபம் பேய் மந்திரமா?

மருமகன் பாக்கியசீலன் 'நான் பொய் சொன்னேன், இவர் என் மாமா' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்புகிற வரையில் நான் கர்த்தருடைய பந்தியில் அப்பமும் ரசமும் வாங்க வரக்கூடாது என்று ஐயர் சொல்லிவிட்டார். இந்த வயதில் பின்வரிசையில் உட்கார்ந்திருக்கிறேன். உடனே எழுதச் சொல்.

நேசையா.


மதுரை,
1912 செப்டம்பர் 20

அன்புள்ள அப்பாவுக்கு வந்தனம். இங்கே எல்லாரும் சுகம். பியூலாவுக்கு அம்மை ஊசி போட்டோம், காய்ச்சல் வந்து தணிந்தது.

கார்டை நான் பார்க்கவில்லை. தாடி வைத்த பெரியவர்கள் எத்தனையோ பேர். அது நான் இல்லை, வேறு யாரோ என்று நீங்கள் ஐயரிடம் சொல்லிவிட்டால் இவ்வளவு சங்கடம் இல்லையே. பியூலாவின் அப்பா வேலையாய் வெளியூர் போயிருக்கிறார்.

இந்தக் கடிதத்தை உபதேசியார் வராந்தாவில் எல்லார் முன்பாகவும் வாசிப்பார் என்பது எனக்குத் தெரியும். ஆகையால் மற்றதை எழுதவில்லை.

சாலோமி.


கிருபாபுரம்,
1912 அக்டோபர் 2

சாலோமிக்கு. உன் கடிதம் வராந்தாவில் வாசிக்கப்படவில்லை. சாரம்மாள் கொடிக்காலுக்கு வந்து, வரப்பில் உட்கார்ந்து, என் ஒருத்தன் காதில் வாசித்தாள். சொரிமுத்துவை அந்தக் கோடிக்குத் துரத்திவிட்டேன். இனி ஒளிக்காதே.

'நான் இல்லை' என்று சொல்லச் சொல்கிறாயே, உன்னைப் போர்டிங் பள்ளிக்கூடத்தில் விட்டு இங்கிலீஷ் படிக்கவைத்தது இதற்கா? அவன் என்னை ஒருதரம் மறுதலித்தது போதாது, நானே என்னை மறுதலிக்க வேண்டுமா? (அவன் என்று நான் சொன்னதை அவர் என்று எழுதட்டுமா என்று சாரம்மாள் கேட்கிறாள். அவன் என்றே எழுதச் சொன்னேன்.)

உன் கல்யாணத்தன்று அவன் கையைப் பிடித்து என் வலதுபக்கத்தில் உட்காரவைத்தேன். யார் கேட்டாலும் 'இவர் என் மருமகன்' என்று வாய்கொள்ளாமல் சொன்னேன். வேலையில்லாமல் இருந்தபோதும் அப்படியே சொன்னேன். பட்டணத்துத் தூண் ஒவ்வொன்றும் யார் கட்டினது என்று அவனுக்குத் தெரிகிறது. பக்கத்தில் குடை பிடித்து நிற்பவன் யார் என்று மட்டும் தெரியாமல் போயிற்றா?

பேசத் தெரிந்தவன், அவனே பதில் எழுதட்டும்.

நேசையா.


மதுரை,
1912 அக்டோபர் 30

மகா கனம்பொருந்திய மாமா அவர்களுக்கு, மருமகன் பாக்கியசீலன் தாழ்மையான வந்தனத்துடன் எழுதுவது. உங்கள் சுகத்துக்காக வேண்டிக்கொள்கிறேன். இவ்வளவு நாள் எழுதாமலிருந்தது வெளியூர் போனதால் அல்ல. பேனாவை எடுத்தால் கை ஓடவில்லை.

நடந்ததைச் சொல்கிறேன். ஊர் காட்டப் போகிறவன் உறவுக்காரரைக் கூட்டிப் போகக்கூடாது, இனாம் வாங்க வருகிறார்கள் என்று துரைமார் நினைப்பார்கள் என்பது எங்கள் ஹோட்டல் மானேஜர் வைத்த சட்டம். மீறினால் வேலை போகும். நீங்கள் ஊரைப் பார்க்க வேண்டும் என்கிற ஆசையில் கூட்டிப்போனேன். மகாலில் அந்தத் துரைசாணி 'இந்தப் பெரியவர் யார், உன் வேலைக்காரனா?' என்று கேட்டாள். மாமா என்று சொல்ல முடியாது. ஆமாம், வேலைக்காரன் என்று சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை. இரண்டுக்கும் நடுவில் வாயில் வந்தது அதுதான். ராஜாவோடு சேர்ந்த ஆள், மரியாதையாய்ப் பார்ப்பார்கள் என்று அந்த நிமிஷத்தில் தோன்றியது. அவர்கள் தொப்பியைக் கழற்றியதும் நீங்கள் ஜெபம்பண்ண ஆரம்பித்துவிட்டீர்கள். அது என்ன என்று துரை கேட்டார், வெட்டுண்டவர்களின் ஆவியைக் கூப்பிடுகிறார் என்று சொல்லிவிட்டேன். நிறுத்த எனக்கு வழி தெரியவில்லை.

அந்தத் துரைக்குக் கொழும்பில் தபால் கார்டு அச்சடித்து விற்கிற படக்கடையாம். கார்டு வந்தபிறகு இறங்குகிறவர்கள் எல்லாரும் தலைவெட்டி எங்கே என்று கேட்கிறார்கள். மானேஜர் மாரிக்கண்ணு என்று ஒரு பெரியவரைப் பிடித்து, சிவப்புத் தலைப்பாகை கட்டி, குங்குமம் வைத்து, கையைத் தூக்கிக் கண்ணை மூடி அதே இடத்தில் நிறுத்தியிருக்கிறார். நான் தினமும் அவரைக் காட்டி அதே பொய்யைச் சொல்கிறேன்.

ஐயருக்கு உண்மையை எழுதிக் கையெழுத்திட்டு இதோடு வைத்திருக்கிறேன். மிஸ்ஸியம்மாள் மூலமாக அது ஹோட்டலுக்கு எட்டினால் என்ன ஆகும் என்பது தெரிந்தே அனுப்புகிறேன். சாலோமி எழுத வேண்டாம் என்றுதான் அழுதாள். அவளைக் கோபிக்க வேண்டாம்.

கீழ்ப்படிதலுள்ள,
பாக்கியசீலன்.


மதுரை,
1912 டிசம்பர் 5

அன்புள்ள அப்பாவுக்கு ஸ்தோத்திரத்துடன் எழுதுவது. கர்த்தர் எங்களுக்கு ஆண்பிள்ளையைத் தந்தார். தாயும் பிள்ளையும் சுகம். உங்கள் ஜாடை என்று பார்த்தவர்கள் சொல்கிறார்கள்.

கிறிஸ்துமஸுக்கு நீங்கள் பந்தியில் சேரப் போகிறீர்கள் என்று சாரம்மாள் அக்காள் எழுதியிருந்தார்கள். சந்தோஷம். எனக்கும் ஒத்தாசை இருக்கிறது. அவர் இப்போது பகலிலும் வீட்டில் இருப்பதால் பிள்ளையைத் தூக்க ஆளுண்டு.

சாலோமி.


கிருபாபுரம்,
1913 ஜனவரி 3

மகள் சாலோமிக்கும் மருமகனுக்கும் புதுவருஷ ஆசீர்வாதம். பேரனை முத்தமிடவும்.

பகலிலும் வீட்டில் இருக்கிறார் என்று நீ எழுதினதை நான் பேறுகால லீவு என்று நினைத்து இருந்துவிட்டேன். வெற்றிலை வியாபாரி அகமது மீரான் மதுரைக்குப் போய்வந்து சொன்னார்: "உம்ம மருமகனை ஹோட்டல்லேருந்து வெளிய தள்ளி மாசமாச்சு வே. உமக்குத் தெரியாதா?" தெரியாது. என் மகள் சொல்லவில்லை.

இனி நடந்ததைக் கேள். கிறிஸ்துமஸ் ஆராதனையில் ஐயர் மருமகன் கடிதத்தை வாசித்தார். சபையார் தலையசைத்தார்கள். என்னைப் பந்திக்கு அழைத்தார். போனேன். வெளியே வந்தால் மிஸ்ஸியம்மாள், கூட சீமையிலிருந்து வந்த இரண்டு விருந்தாளி அம்மாமார். மிஸ்ஸியம்மாளுக்கு நம் தமிழ் நன்றாக வரும். "நேசையா, அந்தப் படத்தை இவர்களுக்குக் காட்டினேன், மிகவும் பிரியப்பட்டார்கள். ஒரேயொரு தடவை அந்தமாதிரிக் கைகளைத் தூக்கி நில்லும்" என்கிறாள். விருந்தாளி கையில் கறுப்புப் பெட்டி.

எனக்கு உச்சந்தலை கொதித்தது. "அம்மா, பொய் சொன்ன என் மருமகன் எழுதிக் குடுத்தான், பிழைப்புப் போச்சு. பொய்யைப் படமாப் பிடிச்சவன் கடையில வித்துக்கிட்டு இருக்கான். அதை அனுப்பினவ எழுதிக் குடுத்தாளா? வாங்கி மேசையில வச்சிருக்க நீங்க எழுதிக் குடுத்தீங்களா? பின்வரிசையில உக்காந்தது நான் மட்டும்தானே!" என்று கேட்டேன். தானியேல் என் துண்டைப் பிடித்து இழுத்தார். மிஸ்ஸியம்மாள் முகம் சிவந்து வண்டியேறிப் போய்விட்டாள்.

இந்தச் சபைக்கு நான் யார் என்று தெரிந்துவிட்டது. அந்தப் படத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியவில்லை. என் ஜெபத்தை எவனோ குங்குமம் வைத்துக்கொண்டு தினமும் கைதூக்கி ஆடுகிறான். அதை நிறுத்தாமல் எனக்கு உறக்கம் இல்லை. பொங்கல் கழித்து வருகிறேன். மருமகன் மறுபடியும் எனக்கு ஊரைச் சுற்றிக் காட்டட்டும். ஹோட்டல் சட்டம் இப்போது நம்மைக் கட்டாது.

நேசையா.


மதுரை,
1913 ஜனவரி 25

சபைக்கு ஊழியஞ்செய்யும் தானியேலுக்கும் சாரம்மாளுக்கும் நேசையா வந்தனம் சொல்லி எழுதுவிப்பது. சாலோமி எழுதுகிறாள். இங்கே எல்லாரும் சுகம். கொடிக்காலுக்குச் சொரிமுத்து தண்ணீர் பாய்ச்சுகிறானா என்று எட்டிப் பார்க்கவும். இந்தக் கடிதத்தை வராந்தாவிலேயே உரக்க வாசிக்கலாம்.

நேற்று மகாலுக்குப் போனோம். "மாமா, நான் தூணுக்கு அந்தப் பக்கம் நிக்குதேன், என்னைப் பார்த்தா என் வேலைக்கு வந்த புது ஆளு சண்டைக்கு வருவான்" என்று மருமகன் ஒதுங்கிவிட்டார். நான் அதற்கும் மனதுக்குள் திட்டிக்கொண்டே போனேன். கூடத்து நடுவில் ஐந்தாறு வெள்ளைக்காரர், ஹோட்டலின் புது ஆள். எதிரே மாரிக்கண்ணு, சிவப்புத் தலைப்பாகையும் குங்குமமுமாய், கையைத் தூக்கி என்னமோ முணுமுணுக்கிறான்.

நேரே போய் முன்னால் நின்றேன். "கையை எறக்கும் வே" என்றேன்.

ஒரு கண்ணைத் திறந்தான். "யாருய்யா நீ? மறைக்காதே."

"அந்தப் படத்தில இருக்கது நான்."

"இருந்துட்டுப் போ. தூக்கித் தூக்கித் தோள்பட்டை கழண்டு நிக்கிறேன், நீ வந்து நியாயம் பேசுறே. ஒரு நாள் நீ நின்னே, தினம் நிக்கிறவன் நான்ல?"

ஒரு வெள்ளைக்காரி கைப்பையிலிருந்து அந்தக் கார்டை எடுத்தாள். என் முகத்தருகே பிடித்தாள், அவன் முகத்தருகே பிடித்தாள். தலைப்பாகை இருக்கிறவனே மெய் என்று தீர்த்து, என்னைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினாள். புது ஆள் கச்சேரிச் சேவகனைக் கூப்பிட்டு, "இந்தப் பைத்தியத்தை வெளியே கொண்டுபோய் விடு" என்றான். சேவகன் என் மேல்துண்டை முறுக்கிப் பிடித்தான். தானியேல், உம்மிடம் சொல்ல வெட்கமில்லை, எனக்குக் கோபத்தில் வாய் திக்கிற்று. அவ்வளவு பெரிய கூடத்தில் என்னை இன்னான் என்று சொல்ல ஒருத்தனும் இல்லை.

அப்போது பாக்கியசீலன் தூணுக்குப் பின்னாலிருந்து வந்தார். சேவகன் கையை என் துண்டிலிருந்து எடுத்துவிட்டார். என் பக்கத்தில், தோள் உரச நின்றார். வெள்ளைக்காரரைப் பார்த்து இங்கிலீஷில் பேசினார். முன்போல மடை திறந்து ஓடவில்லை. நாலே வார்த்தை, நின்று நின்று வந்தது. புது ஆள் கத்தினான். இவர் நிறுத்தவில்லை.

யாரும் தொப்பியைக் கழற்றவில்லை. யாரும் அழவில்லை. ஒரு துரை சிரித்தான். கார்டு வைத்திருந்தவள் அதைத் திரும்பப் பைக்குள் போட்டுக்கொண்டாள், கிழிக்கவில்லை. எல்லாரும் அடுத்த தூணைப் பார்க்கப் போய்விட்டார்கள்.

"என்ன மருமகனே சொன்னீங்க?" என்று கேட்டேன்.

"இவரு எங்க மாமா, சபை மூப்பரு, வெத்தலைக் கொடிக்கால்காரரு, அன்னைக்கு நான் சொன்னது பொய், உங்களை மாதிரி வந்தவங்க கப்பலுக்குத்தான் இவரு ஜெபம்பண்ணினாருன்னு சொன்னேன் மாமா."

"இதுல சிரிக்கதுக்கு என்ன இருக்கு?"

"தெரியலையே மாமா."

எனக்கும் தெரியவில்லை. பொய்யைக் கேட்டு அழுகிறார்கள், மெய்யைக் கேட்டுச் சிரிக்கிறார்கள். இந்தக் கூட்டத்துக்கா நான் ஜெபம்பண்ணினேன் என்று அந்தத் தூணெல்லாம் அதிரக் கேட்டேன். மருமகன் தடுக்கவில்லை. என் கையைப் பிடித்தபடியே நின்றார்.

மாரிக்கண்ணு இவ்வளவு நேரமும் தூக்கின கையோடு அசையாமல் நின்றிருந்தான். வெள்ளைக்காரர் போன திசையை ஒரு கண்ணால் பார்த்தான், என்னைப் பார்த்தான், கடைசியில் மருமகனிடம் கேட்டான்: "ஏன் தம்பி, அப்ப நான் கையை எறக்கலாமா?"

இவ்விடம் வேறு விசேஷமில்லை. சபையார் அனைவருக்கும் வந்தனம்.

நேசையா.